அருவக்காட்டில் முடியும் கொழும்பு

கொழும்பின் எல்லை எது என்று மாநகர சபை வரைபடத்தைக் கேட்டால், வடக்கே களனி கங்கை, தெற்கே வெள்ளவத்தையைத் தாண்டினால் தெஹிவளை என்று காட்டும். புத்தளத்து மக்கள் அந்த வரைபடத்தை ஏற்கத் தேவையில்லை. அவர்கள் அனுபவத்தில் கொழும்பு இன்னும் நீளமானது. புத்தளம் நகருக்கும் வடக்கே, வனாத்தவில்லுப் பிரதேசத்தில், ஒரு பக்கம் களப்பும் மறுபக்கம் வில்பத்துக் காடும் இருக்க நடுவே வெட்டப்பட்டிருக்கும் ஒரு பெரும் பள்ளத்தில்தான் அந்த நகரம் முடிகிறது. ஊர் அருவக்காடு. சிங்களத்தில் அருவக்காலு.

ஒரு நகரத்தைத் திட்டமிடுவது என்றால் தெருவும் பூங்காவும் மாடிவீடும் வரைவது என்றே பலரும் நினைக்கிறோம். நகரம் எங்கிருந்து கல்லை எடுக்கிறது, எங்கே தன் கழிவைக் கொட்டுகிறது என்பதும் அதே வரைபடத்தின் பகுதிதான். அந்தப் பகுதியை மட்டும் யாரும் சட்டம்போட்டுச் சுவரில் மாட்டுவதில்லை. அருவக்காட்டுப் பள்ளம் எப்படிப் பிறந்தது என்று பார்த்தால், கொழும்பில் யாருக்கு என்ன கிடைத்தது, அதற்காக வேறெங்கோ யார் எதை இழந்தார்கள் என்பது தெளிவாகத் தெரியும்.

பள்ளத்துக்கு முன்னால் அங்கே இருந்தது கடல். ஏறத்தாழ 2 கோடி ஆண்டுகளுக்கு முன், புவியியலாளர் மயோசீன் என்று சொல்லும் காலத்தில், ஆழமில்லாத வெதுவெதுப்பான கடலடியில் சிப்பியும் சங்கும் பவளமும் படிந்து படிந்து இறுகிச் சுண்ணாம்புக் கல்லாயின. யாழ்ப்பாணத்து வீட்டுக் கிணறுகள் வெட்டப்பட்டிருப்பதும் இதே பாறையில்தான். யாழ் குடாநாட்டிலிருந்து மன்னார் வழியாக மேற்குக் கரையோரம் இறங்கிவரும் அந்தப் பாறைப் படுகை அருவக்காட்டுப் பக்கத்தில் நிலமட்டத்துக்கு மிக அருகே வந்துவிடுகிறது. மேலே செம்மண். அதை வழித்துத் தள்ளினால் கீழே வெளிறிய கல். வெட்டிய சுவரை அருகே நின்று பார்த்தால் பழைய கடலின் சிப்பி ஓடுகள் இன்னும் வரிவரியாகப் பதிந்திருக்கும். நகத்தால் சுரண்டினால் மாவாக உதிரும்.

அந்த மாவு உதிரும் கல்தான் சீமெந்துக்கு வேண்டிய கல். கல்லை வெடிவைத்துப் பெயர்த்து, நொறுக்கி, களிமண்ணோடு சேர்த்து அரைத்து, சுழலும் சூளையில் ஏறத்தாழ 1,450 பாகைச் செல்சியஸ் வெப்பத்தில் சுட்டால் கிளிங்கர் என்ற கருஞ்சாம்பல் நிற உருண்டைகள் வரும். ஒரு தொன் கிளிங்கருக்கு ஏறக்குறைய ஒன்றரைத் தொன் சுண்ணாம்புக் கல் போகும். அந்தக் கணக்கில்தான் பள்ளம் வளர்கிறது. மூட்டையாக வெளியே போகும் ஒவ்வொரு தொன்னுக்கும் பூமியில் அதைவிடப் பெரிய வெற்றிடம் விழுகிறது.

இலங்கையில் அரசாங்கச் சீமெந்தின் முதல் வீடு காங்கேசன்துறை. 1950இல் அங்கே உற்பத்தி தொடங்கியது. இரண்டாவது பெரும் ஆலை பின்னர் புத்தளத்துக்குத் தெற்கே பாலாவியில் எழுந்தது. கல் அருவக்காட்டில், சூளை பாலாவியில். இரண்டையும் சேர்க்கப் புகையிரதப் பாதை. கொழும்பிலிருந்து வரும் கரையோரப் பாதை 1926இல் புத்தளத்தை எட்டியிருந்தது. ஆலைக்காக அது புத்தளத்தையும் கடந்து வடக்கே காட்டுக்குள் நீண்டது. பயணிகள் ரயில் நூர்நகரோடு நின்றுவிடும். அதற்கு அப்பால் தண்டவாளம் இருக்கிறது, பயணிகளுக்கு வண்டி இல்லை. கல்லேற்றிய வாகன்கள் மட்டும் போய்வந்தன. ஒரு பிள்ளைக்கு எலும்பு முறிந்தால் ஆட்டோ பிடித்துப் புத்தளம் ஆஸ்பத்திரிக்கு ஓடவேண்டிய கிராமங்களின் பக்கமாக அந்தக் கல்வண்டி ஒழுங்காக ஓடியது. இதைப் பெரிய அநீதியாக அப்போது யாரும் எழுதவில்லை. ஆனால் பிற்பாடு நடந்ததன் விதை அந்தத் தண்டவாளத்திலேயே இருந்தது என்று எனக்குத் தோன்றுகிறது. சரக்குக்கு ஒரு வழி, சனங்களுக்கு வழியில்லை என்ற ஏற்பாடு அங்கேதான் தொடங்கியது.

1990 இந்தக் கதையில் இரண்டு தடவை வருகிறது. அந்த வருடம் யுத்தம் காங்கேசன்துறை ஆலையை மூடியது. அதன் பிறகு நாட்டில் கிளிங்கர் சுடும் ஒரே ஆலை பாலாவி. இறக்குமதிச் சீமெந்து கப்பல் கப்பலாக வந்தது உண்மைதான். ஆனாலும் உள்நாட்டுக் கல்லில் சுட்ட சீமெந்து முழுவதற்கும் அருவக்காடு ஒன்றே தாய்க்கிடங்கு. 1990களில் ஆலை தனியார் கைக்குப் போனது, பிறகு ஹொல்சிம், 2016இல் தாய்லாந்தின் சியாம் சிற்றி. பெயர்ப்பலகைகள் மாறின, சன்ஸ்தா என்ற சீமெந்து மூட்டை மாறவில்லை. கொழும்பின் எத்தனையோ மாடிகளிலும் பாலங்களிலும் அருவக்காட்டுக் கல் கலந்திருக்கிறது.

அதே வருடம் ஒக்டோபரில் வடக்கிலிருந்து முஸ்லிம்களைப் புலிகள் வெளியேற்றினார்கள். ஏறத்தாழ 75,000 பேர். யாழ்ப்பாணத்தில் கொடுத்த அவகாசம் சில மணித்தியாலங்கள். மன்னார்த் தீவிலிருந்து பலரும் வள்ளங்களில் கடலோடிக் கற்பிட்டிக் கரையில் இறங்கினார்கள். வந்தவர்களில் பெரும்பாலோர் தங்கியது புத்தளம் மாவட்டத்தில்தான். தென்னந்தோட்டங்களில் கிடுகுக் கொட்டில்கள், முகாம்கள், பின்னர் பத்துப் பேர்ச் துண்டுகள். உள்ளூர் மக்கள் பள்ளிக்கூடத்தையும் கிணற்றையும் பங்கிட்டுக் கொடுத்தார்கள். அந்தப் பெருந்தன்மையின் பாரம் இரண்டு பக்கத்தாரின் தோளிலும் இருந்தது. வந்தவர்களில் பலரின் வாக்கு நீண்டகாலம் வடக்கின் பதிவேட்டிலேயே கிடந்தது. வாழ்வது ஓரிடம், வாக்கு வேறோரிடம். இருக்கும் இடத்தின் தண்ணீருக்காகவும் தெருவுக்காகவும் பேச வேண்டியபோது அவர்கள் அந்த இடத்தின் அரசியல்வாதிக்குக் கணக்கில் இல்லாதவர்கள். மாவட்டத்தில் முஸ்லிம்கள் கணிசமாக இருந்தும், நேரடியாகத் தேர்வாகும் முஸ்லிம் பாராளுமன்ற உறுப்பினர் ஒருவரைக் காண மூன்று தசாப்தங்கள் ஆயின. 2020 தேர்தல் வரை அந்தக் குறை நீடித்தது. குப்பை எங்கே போகும் என்பதைத் தீர்மானிக்கும் காரணங்களில் நிலத்தின் குணம் ஒன்று. அந்த நிலத்தில் வாழ்பவர்களின் குரல் எவ்வளவு தூரம் கேட்கும் என்பது இன்னொன்று. இரண்டாவதைச் சுற்றாடல் அறிக்கைகள் அளப்பதில்லை.

இனிக் குப்பையின் பக்கம்.

1921இல் பட்ரிக் கெடஸ் என்ற ஸ்கொட்லாந்துக்காரர் கொழும்புக்கு ஒரு திட்டம் எழுதினார். கிழக்கின் தோட்ட நகரம் என்ற கனவு அதில் இருந்தது. நூறு வருடத்தில் வசதியானவர்கள் வாழும் கறுவாத்தோட்டத்துக்கு அந்தக் கனவு கிடைத்தது. வடகொழும்பின் தோட்டக் குடியிருப்புகளுக்குக் கிடைத்தது புளூமெண்டால் குப்பை மலை. தமிழரும் முஸ்லிமும் சிங்களவருமாகக் கூலிவேலை செய்யும் குடும்பங்கள் வாழும் பகுதி அது. 2009 அளவில் புளூமெண்டாலில் கொட்டுவது நிறுத்தப்பட்டது. குப்பை எங்கே போனது? நகரத்தின் கிழக்கு விளிம்பில், கொலன்னாவையின் மீதொட்டமுல்லைக்கு. முன்பு வயலாக இருந்த சதுப்பு நிலம், சுற்றிலும் ஏழைகளின் வீடுகள். அங்கிருந்தவர்கள் பல வருடம் தெருவில் இறங்கினார்கள், மனுக் கொடுத்தார்கள், அடி வாங்கினார்கள். மலை வளர்ந்தது. 2017 ஏப்ரல் 14, புத்தாண்டு நாள் பிற்பகல், அது சரிந்து வீடுகளின்மேல் விழுந்தது. 30க்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். பலகாரத் தட்டு மேசையில் இருந்த நேரம் அது.

சதுப்பு நிலத்தில் பொறியியல் எதுவுமின்றி ஈரக் குப்பையை அடுக்கினால் என்ன நடக்கும் என்பது இரகசியமல்ல. கொழும்புக் குப்பையில் பாதிக்கு மேல் உணவும் இலையும் மரக்கறியும். அது அழுகி நீர்விடும், வாயு கக்கும், கீழேயுள்ள சேறு இளகும், ஒருநாள் பக்கவாட்டில் வழுக்கும். இறந்தவர்கள் இயற்கை அனர்த்தத்தில் இறக்கவில்லை. தாங்கள் எங்கே குடியிருக்க முடியும் என்பதை அவர்களுடைய வருமானம் தீர்மானித்தது. குப்பையை எங்கே கொட்டுவது என்பதைத் தீர்மானித்தவர்கள் வேறு ஆட்கள்.

மீதொட்டமுல்லைக்கு முன்பே அருவக்காட்டின் பெயர் கோப்புகளில் இருந்தது. கல் எடுத்து முடிந்த பள்ளம், போகும் தண்டவாளம், சுற்றி அடர்த்தியான நகரம் இல்லை. கொழும்பில் மேசைமுன் அமர்ந்து பார்த்தால் இதைவிடப் பொருத்தமான இடம் கிடையாது. சரிவுக்குப் பிறகு அவசரம் கூடியது. மேல்மாகாண மெகாபொலிஸ் அமைச்சு திட்டத்தைக் கையில் எடுத்தது. சைனா ஹார்பர் கம்பனிக்கு ஒப்பந்தம். களனியில் குப்பையை அமுக்கிக் கொள்கலனில் அடைத்து, புகையிரதத்தில் ஏறத்தாழ 170 கிலோமீற்றர் வடக்கே கொண்டுபோய், நாளொன்றுக்கு 1,200 தொன் வரை புதைக்கும் ஏற்பாடு. சீமெந்தாகப் போன கல்லின் வெற்றிடத்தை அதே பாதையில் திரும்பிவரும் கழிவு நிரப்பும். கற்பிட்டித் தோட்டங்களில் விளைந்து கொழும்பு மெனிங் சந்தைக்குப் போன மரக்கறியின் தோலும் அழுகலும் அந்தக் கொள்கலன்களில் இருக்கும்.

திட்டத்தை வரைந்தவர்களை முட்டாள்கள் என்று சொல்ல மாட்டேன். சுகாதார நிலநிரப்பு என்பது மீதொட்டமுல்லையைப் போல் திறந்த மலையல்ல. அடியில் களிமண்ணைத் தட்டி இறுக்குவார்கள். அதன்மேல் தடித்த கறுப்புப் பிளாஸ்ரிக் விரிப்பை இழுத்து, துண்டுகளை வெப்பத்தால் ஒட்டுவார்கள். மேலே சரளையும் துளையிட்ட குழாய்களும். குப்பையிலிருந்து வடியும் கறுப்பு நீர் குழாயில் சேர்ந்து சுத்திகரிப்புக்குப் போகவேண்டும். ஒவ்வொரு நாளும் கொட்டியதன்மேல் மண் போர்த்த வேண்டும். எல்லாம் ஒழுங்காக நடந்தால் நல்ல ஏற்பாடுதான். ஆனால் அது இருபது, முப்பது வருடம் ஒரு நாளும் தவறாமல் ஒழுங்காக நடக்க வேண்டும். விரிப்பில் ஓர் ஒட்டு பிரிந்தால் அதன் கீழே இருப்பது எது? சுண்ணாம்புக் கல். மழைநீரில் கரைந்து வெடிப்பும் குகையுமாகப் பிளந்து, தண்ணீரை வேகமாகக் கடத்தும் பாறை. யாழ்ப்பாணத்தாருக்கு இது புதிதல்ல. சுன்னாகத்தில் மின்நிலையத்துக் கழிவெண்ணெய் நிலத்தடி நீரில் கலந்த வழக்கில் உயர் நீதிமன்றம் 2019 ஏப்ரலில் 2 கோடி ரூபாய் இழப்பீடு விதித்தது. அந்தக் கிணறுகள் இருப்பதும் இதே பாறையில்.

பள்ளத்துக்கு மேற்கே புத்தளம் களப்பு. கலா ஓயாவும் மீ ஓயாவும் வந்து விழும், ஆழமற்ற, கண்டல் சூழ்ந்த நீர். களப்பு கடலோடு திறக்கும் வாய் வடக்குப் பக்கம், அதாவது அருவக்காட்டின் பக்கம். இறாலும் மீனும் குஞ்சாக இருக்கையில் தங்குவது கண்டல் வேர்களுக்குள். சேரக்குளி, கரைத்தீவு போன்ற ஊர்களின் அடுப்பு எரிவது அந்தக் குஞ்சுகள் வளர்வதை நம்பித்தான். இந்தக் களப்பில் மீன்பிடிப்பது பெரிய இழுவைப் படகுத் தொழிலல்ல. இரண்டு பேர் ஏறும் தோணி, ஒரு வலை, காலையில் சந்தைக்குப் போகும் சில கிலோ. வருமானம் சிறியது, ஆகவே இழப்பும் சிறியதாகக் கோப்பில் பதியும். நகரத்தின் நில விலையோடு ஒப்பிட்டால் இந்தக் கரையில் ஒரு மீனவக் குடும்பத்தின் வாழ்நாள் வருமானம் ஒன்றுமேயில்லை. செலவைக் கூட்டிப்பார்த்து இடம் தெரிவு செய்யும் எந்த முறையும் குப்பையை மலிவான நிலத்துக்கும் மலிவாக மதிக்கப்படும் மக்களுக்கும்தான் அனுப்பும். யாரும் கெட்ட எண்ணத்தோடு முடிவெடுக்கத் தேவையில்லை. கணக்கே அந்த வேலையைச் செய்துவிடும்.

அமெரிக்காவில் இதைக் கண்டுபிடிக்க ஒரு சமூகவியலாளர் வேண்டியிருந்தது. 1979இல் ஹியூஸ்டன் நகரத்தில் ரொபர்ட் புல்லார்ட் குப்பைக் கிடங்குகளை வரைபடத்தில் குறித்துப் பார்த்தார். மாநகரத்துக்குச் சொந்தமான ஐந்து கிடங்குகளும் கறுப்பின மக்களின் குடியிருப்புகளில் இருந்தன. 1982இல் வட கரோலினாவின் வொரன் மாவட்டத்தில், நச்சு கலந்த மண்ணைப் புதைக்க வந்த லொறிகளின் முன்னால் மக்கள் தெருவில் படுத்தார்கள். 500க்கும் மேற்பட்டவர்கள் கைதானார்கள். மண் புதைக்கப்பட்டது. ஆனால் சுற்றாடல் நீதி என்ற கோரிக்கை உலகத்துக்குத் தெரியவந்தது அங்கிருந்துதான். சென்னையில் கொடுங்கையூர், பெருங்குடிக் குப்பைக் கிடங்குகளை அறிந்தவர்களுக்கு ஹியூஸ்டன் வரைபடம் தேவையில்லை.

புத்தளத்தில் எதிர்ப்பு 2018 செப்டம்பரில் திரண்டது. கிளீன் புத்தளம் என்ற பெயரில் மாதக்கணக்கில் நீண்டது. அந்த ஊர் வேறு சுமைகளையும் சுமந்துகொண்டிருந்ததை மறக்கக் கூடாது. பாலாவியில் சீமெந்துத் தூசு. நுரைச்சோலையில் நிலக்கரி மின்நிலையம். முதல் அலகு 2011இல், மூன்றும் சேர்ந்து 900 மெகாவோட் 2014இல். நாட்டுக்கே வெளிச்சம் தரும் நிலையத்தின் சாம்பலும் கரித்தூளும் காற்றுக் காலத்தில் பக்கத்துக் கிராமங்களின் கிணற்றிலும் கொடியில் காயும் துணியிலும் விழுகின்றன. மூன்றாவதாகக் குப்பை வருகிறது என்றபோது முஸ்லிம், சிங்களவர், தமிழர், மௌலவி, பிக்கு, பாதிரியார் என்று பார்க்காமல் ஆட்கள் ஒன்றாக நின்றார்கள். இடம்பெயர்ந்து வந்தவர்களும் இருந்த ஊரவர்களும் கிணற்றுக்கும் காணிக்கும் முரண்பட்ட வருடங்கள் உண்டு. குப்பைக்கு எதிரே அவர்கள் ஒரே ஊராக நின்றதை நான் அந்தக் கரையின் பெரிய சாதனையாக மதிக்கிறேன்.

பிறகு 2019 ஏப்ரல் 21. ஈஸ்டர் குண்டுகள் நாட்டை உலுக்கின. அவசரகாலச் சட்டம் வந்தது. மே மாதம் வடமேல் மாகாணத்தில் முஸ்லிம்களின் கடைகளும் பள்ளிவாசல்களும் தாக்கப்பட்டன. புத்தளம் மாவட்டத்தின் கொட்டாரமுல்லையில் ஒருவர் கொல்லப்பட்டார். தாடி வைத்தவர் தெருவில் கூடி நிற்பதே சந்தேகத்துக்குரியதான மாதங்கள் அவை. அவசரகாலச் சட்டம் ஓகஸ்ட் வரை நீடித்தது. அந்த ஓகஸ்டில்தான் கொழும்புக் குப்பை அருவக்காட்டுக்கு வரத் தொடங்கியது. சொன்ன புகையிரதம் இல்லாமல், லொறிகளில், ஊர்களுக்கு நடுவே, வழியெல்லாம் நாற்றமும் கறுப்பு நீரும் சொட்டச் சொட்ட. ஒக்டோபரில் அந்த வளாகத்தில் வெடிப்பு ஒன்றும் நடந்தது. ஒழுங்காக நடந்தால் நல்ல ஏற்பாடு என்றேனே, முதல் சில மாதங்களிலேயே ஒழுங்கு இவ்வளவுதான்.

வேறு வழி இருந்ததா என்றால், இருந்தது. கேரளத்தில் திருவனந்தபுரம் நகரம் தன் குப்பையை விளப்பில்சாலை என்ற கிராமத்துக்கு அனுப்பிக்கொண்டிருந்தது. 2011 டிசம்பரில் அந்தக் கிராமப் பஞ்சாயத்து குப்பை ஆலையின் கதவைப் பூட்டியது. நீதிமன்றம் சொல்லியும், பொலிஸ் வந்தும், ஊர் வழிவிடவில்லை. கொட்ட இடமில்லாமல் நகரம் சில காலம் நாறியது. பிறகு வீட்டுக்கு வீடு உரத்தொட்டி, வார்டுக்கு வார்டு காற்றோட்டமான உரப்பெட்டி என்று மாறிக்கொண்டது. குப்பையை உண்டாக்குகிறவன் அதை ஒரு நாளாவது தன் மூக்கருகே வைத்திருந்தால்தான் பிரிக்கப் பழகுவான். கொழும்புக்கும் பிரித்துக் கொடுக்கும் விதி 2016 நவம்பரில் வந்தது. 2021 பெப்ரவரியில், நகரத்தை ஒட்டிய கெரவலப்பிட்டியவில் குப்பையை எரித்து 10 மெகாவோட் மின்சாரம் எடுக்கும் நிலையம் திறந்தது. நாளொன்றுக்குச் சில நூறு தொன் அங்கேயே தீர்ந்தது. எரிப்பதிலும் புகையும் சாம்பலும் உண்டு, அதை நான் பரிசுத்தமான தீர்வு என்று விற்கவில்லை. ஆனால் 170 கிலோமீற்றர் தள்ளி இன்னொருவர் வீட்டு வாசலுக்கு அனுப்பியே ஆகவேண்டும் என்ற வாதம் அதோடு வலுவிழந்தது.

பள்ளத்துக்கும் வேறு எதிர்காலம் சாத்தியமாக இருந்தது. கல் எடுத்து முடிந்த பகுதிகளை மீண்டும் காடாக்க ஹொல்சிம் காலத்திலேயே இயற்கைப் பாதுகாப்புக்கான சர்வதேச ஒன்றியத்தோடு சேர்ந்து ஒரு வேலை நடந்தது. வில்பத்துப் பக்கத்து உலர்காட்டு மரங்களை நட்டு, யானையும் பறவையும் திரும்பிவர இடம் விடும் முயற்சி. சீமெந்து எடுத்துக்கொண்டதைப் பூமிக்குக் கொஞ்சமாவது திருப்பித் தரும் வேலை அது. அந்த மரங்கள் வளரவேண்டிய நிலத்தில்தான் கறுப்பு விரிப்பு விரிந்தது.

தேசிய சுற்றாடல் சட்டம் பெருந்திட்டங்களின் அறிக்கையை 30 நாட்களுக்குப் பொதுமக்கள் பார்வைக்கு வைக்கச் சொல்கிறது. நூற்றுக்கணக்கான பக்கங்கள், நீரியல் அட்டவணைகள், வாயு விகிதங்கள். சேரக்குளியில் காலை மூன்று மணிக்குத் தோணி தள்ளும் ஒருவர் அதை எந்த அலுவலகத்தில், எந்த நாளில், எவருடைய உதவியோடு வாசிப்பது? அறிக்கையின் சுருக்கத்தை ஊரில், ஊரின் மொழியில், தொழிலுக்குப் போகாத நேரத்தில் வாய்விட்டுப் படித்துக் காட்ட வேண்டும். பதில் சொல்லப் போதிய மாதங்கள் தர வேண்டும். வேண்டாம் என்று அவர்கள் சொன்னால் அந்த வார்த்தைக்குச் சட்டத்தில் எடை இருக்க வேண்டும். களனியில் கொள்கலனை நிரப்பும் நகரத்தின் சபையில், அது இறங்கும் ஊருக்கும் ஓர் ஆசனம் இருக்க வேண்டும். கொழும்பு அருவக்காடு வரை நீண்டிருக்கிறது என்றால், கொழும்பின் வாக்காளர் பட்டியலும் அதுவரை நீளட்டும்.